பஞ்சவர்ணத்தின் வண்டியும் நூறு மீட்டர் கோடும்

என் தங்கை பஞ்சவர்ணம் ஜெயித்தவற்றை முதலில் எழுதிவிடுகிறேன்.

ஹனூர்ப் பக்கம் கரும்பு வெட்டு நடந்துகொண்டிருந்தபோது டிராக்டர் டிரெய்லரில் ஏழாம் மாதமே பிறந்தவள் அவள். ஒரு வாரம் தாங்காது என்று ஆஸ்பத்திரியில் சொன்னார்கள். தாங்கினாள். மாரியம்மன் பண்டிகையில் தண்ணீர்க்குடம் சுமந்து ஓடும் பந்தயத்தில் கால் சுளுக்கோடு ஓடிப் பித்தளைச் சொம்பு வாங்கினாள். அந்தச் சொம்பு இன்றும் அவள் வண்டியில் பால் ஊற்றப் பயன்படுகிறது. கல்யாணமாகி மைசூருக்கு வந்தபின், நானும் அவளோடு இருக்கும் சந்துக்கு மட்டும் வராமலிருந்த குடிநீர்க் குழாயை, ஆபீஸ் படியில் உட்கார்ந்து உட்கார்ந்தே வரவழைத்தாள். அவள் வீட்டுக்காரர் மாரிசாமி கட்டட சாரத்திலிருந்து விழுந்து இடுப்பு போனபோது, ஹெப்பாள் தொழிற்பேட்டையில் ஒரு கம்பெனி வாசலுக்கு எதிரே தள்ளுவண்டி போட்டாள். அவளுக்கு முன்னால் அதே இடத்தில் வண்டி போட்ட ஆண்கள் இரண்டு பேரும் ஒரு மழைக்காலத்தைத் தாண்டவில்லை. இவள் பதினொரு வருடமாக நிற்கிறாள். தெரு வியாபாரி என்று அரசாங்கம் கொடுக்கும் அடையாள அட்டையையும் அலைந்து வாங்கினாள். அதில் அவள் போட்டோவும் அந்த இடத்தின் பெயரும் இருக்கின்றன. மகள் தீபாவை பி.காம். வரை கொண்டுவந்துவிட்டாள்.

இத்தனையையும் கைநாட்டு வைத்தே சாதித்தாள். நான் ஹனூரில் ஹாஸ்டலில் தங்கி ஏழாவது வரை படித்தேன். அவளை அப்பா அம்மா தங்களோடு கட்டட வேலைக்குக் கூட்டிப்போய்விட்டார்கள். ஒரு கட்டடம் முடிந்தால் அடுத்த கட்டடம் என்று போனதில் பள்ளிக்கூடம் அவளுக்கு அமையவில்லை.

கடைசியாக அவள் ஜெயித்ததை மட்டும் மேலே சேர்க்கவில்லை. அது ஜெயித்ததுதானா என்று எங்கள் வீட்டில் இன்னும் பேச்சு முடியவில்லை.

அந்தக் கம்பெனி மோட்டார் உதிரிபாகம் செய்கிறது. பெயர் இங்கே வேண்டாம். வாசலுக்கு எதிரே ரோட்டைத் தாண்டிச் சற்றுத் தள்ளி ஒரு புங்கமரம், மரத்தடியில் சாக்கடை மூடிய கல் பலகை. பலகையை ஒட்டித்தான் பஞ்சவர்ணத்தின் வண்டி நிற்கும். நீலத் தகரக் கூரை, நான்கு சக்கரம், ஒரு பக்கம் அடுப்பு, மறுபக்கம் இழுத்துப் போடும் பெஞ்சு. காலையில் இட்லியும் எலுமிச்சைச் சித்திரான்னமும், நாள் முழுக்க டீ. ஷிப்டு முடிந்து வரும் தொழிலாளர்கள் அவளை வர்ணக்கா என்று கூப்பிடுவார்கள். கன்னடக்காரர்களும் அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

2024 செப்டம்பரில் அங்கே தகராறு ஆரம்பித்தது. காண்டிராக்ட் ஆட்களை நிரந்தரமாக்க வேண்டும் என்று கேட்ட சங்கத்துக்காரர்கள் மூன்று பேரைக் கம்பெனி வேலையிலிருந்து நீக்கியது. மற்றவர்கள் வேலையை நிறுத்திவிட்டு வெளியே வந்து உட்கார்ந்தார்கள். கம்பெனி கேட்டைப் பூட்டியது. பிறகு வெளியூரிலிருந்து பஸ்ஸில் ஆட்களைக் கொண்டுவந்து கொஞ்சம் மிஷின்களை ஓட்டியது. அந்த பஸ்ஸை மறித்தார்கள் என்று கோர்ட்டுக்குப் போனது. கேட்டிலிருந்து நூறு மீட்டருக்குள் யாரும் கூட்டம் கூடக்கூடாது, கோஷம் போடக்கூடாது, பஸ்ஸுக்கும் லாரிக்கும் போலீஸ் பாதுகாப்பு கொடுக்க வேண்டும் என்று கோர்ட்டு உத்தரவு போட்டது. யார் பக்கம் நியாயம் என்று என்னைக் கேட்டால், காலையில் ஒரு மாதிரியும் சாயங்காலம் ஒரு மாதிரியும் தோன்றியது என்றுதான் சொல்ல வேண்டும்.

போலீஸ் வந்த அன்று நான் தங்கைக்கு ஒத்தாசையாக வண்டியில் இருந்தேன். விஜயநகரில் நான் சமையல் வேலை செய்யும் வீட்டில் அன்று ஊரில் யாரும் இல்லை. சப்-இன்ஸ்பெக்டர் சிவகுமார் ஜீப்பில் வந்தார். இரண்டு கான்ஸ்டபிள்கள் கேட்டுத் தூணிலிருந்து டேப்பு பிடித்து அளந்துகொண்டே வந்தார்கள். மூன்றாமவர் பின்னாலேயே, வாலிபால் மைதானத்துக்குப் போடுகிற மாதிரி, சுண்ணாம்புப் பொடியால் கோடு போட்டார். ரோட்டுக்குக் குறுக்கே வந்த கோடு நேராக வண்டிக்கு அடியில் புகுந்து அந்தப் பக்கம் வெளியே வந்தது. அடுப்பு கோட்டுக்கு உள்ளே, பெஞ்சு வெளியே.

பஞ்சவர்ணம் குனிந்து பார்த்தாள். பிறகு சப்-இன்ஸ்பெக்டரைக் கேட்டாள்.

"கோடு வண்டிக்கடியில போகுதுங்களே சார். இப்ப நான் எந்தப் பக்கமுங்க?"

அவர் கொள்ளேகாலத்துக்காரர், தமிழ் தெரியும். "நீங்க நடுவுலம்மா" என்றார்.

"நடுவுலன்னா எந்தப் பக்கமுங்க?"

"ஆர்டர்ல கூட்டம்னுதான் இருக்குது. நீங்க ஒரு ஆளு. கூட்டம் கிடையாது. டீயப் போடுங்க."

டீயைப் போட்டாள். அன்றிலிருந்து அடுப்புப் பக்கமாக வந்து போலீஸ்காரர்கள் குடித்தார்கள், பெஞ்சுப் பக்கமாக வந்து தொழிலாளர்கள் குடித்தார்கள். நடுவில் நின்று இரண்டு பக்கமும் கையை நீட்டினாள் இவள். தொழிலாளர்கள் கோட்டுக்கு வெளியே ஷாமியானா போட்டிருந்தார்கள். போலீஸ் ஜீப் கோட்டுக்கு உள்ளே, அவள் வண்டிக்குப் பக்கத்தில், ஷாமியானாவைப் பார்த்தபடி நிற்கும். கம்பெனியிலிருந்து போலீஸுக்குச் சாப்பாடு வரும், ஆனால் ஆறிப்போய் வரும். அதனால் சித்திரான்னம் இவளிடம்தான்.

சங்கத்தில் மனோஜ்குமார் என்று ஒரு பையன் உண்டு, நீக்கப்பட்ட மூன்று பேரில் ஒருவன். அவன் அம்மா கோலார் தங்கவயல் பக்கத்துத் தமிழ். அவனுக்கு வாய் அதிகம்.

"வர்ணக்கா, போலீஸுக்கு ஊத்தற டீல சக்கரை ஜாஸ்தியாமே" என்பான்.

"உனக்கு ஊத்தறதும் அதே பாத்திரந்தான் சாமி. உன்ற வாய்தான் கசக்குது" என்பாள் இவள்.

கம்பெனியின் செக்யூரிட்டி ஆபீசர் வேறு மாதிரி பேசினார். இந்தப் பொம்பளை இட்லி போடுவதால்தான் இவர்கள் காலையிலேயே வந்து உட்கார்ந்துவிடுகிறார்கள், பசித்தால் வீட்டுக்குப் போயிருப்பார்கள் என்று எல்லார் காதிலும் விழும்படி சொன்னார். ஆனால் அவரும் அவளிடம்தான் டீ குடித்தார். இப்படி இரண்டு பக்கமும் திட்டினார்கள், இரண்டு பக்கமும் குடித்தார்கள். பஞ்சவர்ணம் ராத்திரி பாத்திரம் கழுவும்போது, "நான் யாருக்கு என்ன தப்புப் பண்ணினேன்னே தெரியலக்கா" என்று ஒரு தடவை சொன்னாள். எனக்கும் தெரியவில்லை.

அக்டோபர் பதினொன்று ஆயுத பூஜை. மற்ற வருடங்களில் அன்று அந்தக் கம்பெனியில் திருவிழாதான். ஒவ்வொரு மிஷினுக்கும் அதை ஓட்டுகிற ஆளே சந்தனம் பூசி மாலை போடுவார். குங்குமம் தடவிய பூசணிக்காயை வாசலில் உடைப்பார்கள். வெளியே வந்து பஞ்சவர்ணத்தின் அடுப்புக்கும் ஒரு பொட்டு வைத்துவிட்டுப் போவார்கள். இந்த வருடம் மிஷின்கள் உள்ளே, ஆட்கள் வெளியே. ஷாமியானாவுக்குள் எல்லாரும் கேட்டைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார்கள். இருபது வருடமாக ஒரே லேத்தை ஓட்டிய ஒரு பெரியவர், இன்றைக்கு அதற்கு எவன் கை பட்டதோ என்று மட்டும் கன்னடத்தில் சொல்லிக்கொண்டிருந்தார்.

போலீசும் குறைவு. தசராவுக்கு அரண்மனைப் பக்கம் பாதிப்பேரைக் கூப்பிட்டுக்கொண்டார்கள். சிவகுமாரும் டிரைவரும் சில ஹோம்கார்டுகளும்தான் இருந்தார்கள். மைசூரில் அன்று பூஜை போடாத வண்டியே கிடையாது. ஜீப் மட்டும் தூசியோடு நிற்பது சிவகுமாருக்குப் பொறுக்கவில்லை. பஞ்சவர்ணத்திடம் வந்து, உங்கள் வண்டிக்குப் போடும்போது இதற்கும் ஒரு கற்பூரம் காட்டிவிடுங்கள் என்று கேட்டார்.

கேட்க வேண்டுமா? அவள் ஜீப்பைத் துடைத்துச் சந்தனம் வைத்தாள். நான் கொண்டுபோயிருந்த வாழைக்கன்றுகளை முன்னால் கட்டினோம். பானெட்டில் சாமந்தி மாலை. தாம்பாளத்தில் பொரி, கடலை, வெல்லம் வைத்து அதையும் பானெட்டின் மேலேயே வைத்தாள். ஒரே தட்டில் கற்பூரம் ஏற்றி, முதலில் தன் அடுப்புக்கும் பிறகு ஜீப்புக்கும் காட்டினாள். கடைசியில் நான்கு சக்கரத்துக்கு அடியிலும் எலுமிச்சம்பழம் வைத்தாள். அதன்மேல் வண்டி ஏறி நசுக்கினால்தான் பூஜை முடிந்ததாகக் கணக்கு.

டிரைவர் ஏறி உட்கார்ந்து, பின்னால் எடுக்கட்டுமா என்று கேட்டார். முன்னால்தான் கோடு இருக்கிறதே என்று அவருக்கு யோசனை.

"பின்னால போனா ஆகாதுங்க" என்றாள் பஞ்சவர்ணம். "பூஜை போட்ட வண்டி முன்னாலதான் போகோணும்."

சிவகுமாரும் தலையாட்டினார். பூஜை போட்ட வண்டியை ரிவர்ஸில் எடுக்கலாம் என்று சொல்ல அங்கே யாருக்கும் மனசு வராது. இதைச் சரியாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் போலீஸ் வேண்டுமென்றே ஜீப்பை ஓட்டியது என்று சிலர் பிறகு சொன்னார்கள். அப்படி இல்லை. நான் பக்கத்தில் நின்றேன். எலுமிச்சம்பழத்துக்காகத்தான் ஓட்டினார்கள்.

ஜீப் முன்னால் நகர்ந்தது. பழங்கள் நசுங்கின. அதோடு நிற்காமல் உருண்டு, கோட்டைத் தாண்டி, ஷாமியானா வரைக்கும் போய் நின்றது. பிடிக்கத்தான் வருகிறார்கள் என்று நினைத்துத் தொழிலாளர்கள் எழுந்துவிட்டார்கள். மனோஜ்குமார் கையை உயர்த்திக் கோஷத்தில் பாதி சொன்னான். அப்போது வாழைக்கன்றும் மாலையும் கண்ணில் பட்டன. மீதிக் கோஷத்தை விழுங்கிவிட்டுக் கையைக் கூப்பினான். அந்த லேத்துப் பெரியவர் வந்து பானெட்டைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். அவர் தொட்டது போலீஸ் ஜீப் என்று அவருக்கு ஞாபகம் இருந்ததா, நான் கேட்கவில்லை.

அதுவரைக்கும் யாரும் எந்தத் தப்பும் செய்யவில்லை. ஜீப் எங்கேயும் போகலாம். தொழிலாளர்கள் தங்கள் இடத்தில்தான் நின்றார்கள். ஆனால் ஜீப் தன் இடத்துக்குத் திரும்ப வேண்டுமே. பூஜை முடிந்துவிட்டதால் இப்போது டிரைவர் தைரியமாகப் பின்னால் எடுத்தார். பொரித் தாம்பாளம் பானெட்டின் மேலேயே இருந்தது. பொரி வாங்க வந்தவர்கள் பொரியோடு நடந்தார்கள். தாம்பாளம் விழாமலிருக்க ஒரு கையால் பிடித்துக்கொண்டே பஞ்சவர்ணமும் நடந்து, "தள்ளாதீங்க, எல்லாருக்கும் இருக்குது, வாங்க" என்று கூப்பிட்டுக் கூப்பிட்டுக் கொடுத்தாள். பிரசாதம் கையில் இருக்கும்போது வராதே என்று யாரிடம் சொல்வது? அவள் வாங்க வாங்க என்றாள், அவர்களும் வந்தார்கள். எல்லாரும் வாயில் பொரியோடு ஜீப்பின் பழைய இடத்தில் நின்றபோதுதான் நான் கீழே பார்த்தேன். சக்கரமும் காலும் பட்டு, கோட்டையே காணோம்.

ஒரு சத்தம் இல்லை, ஒரு கல் இல்லை. பொரி தின்றுவிட்டுத் தாங்களாகவே திரும்பிப் போனார்கள். ஆனால் கம்பெனிக் கேட்டின்மேல் கேமரா இருக்கிறது. கேமராவில் பொரி தெரியாது. கோட்டுக்குள் கூட்டம் தெரியும், நடுவில் போலீஸ் ஜீப் தெரியும், வாங்க என்று கையை ஆட்டுகிற ஒரு பெண் தெரிவாள்.

மறுநாள் விஜயதசமி ஊர்வலம் முடிந்த கையோடு போலீஸ் மேலதிகாரிகளிடம் கம்பெனி புகார் கொடுத்தது. சிவகுமாருக்கு மெமோ வந்தது. புதிதாக அளக்கச் சொன்னார்கள். போன தடவை கேட்டுத் தூணிலிருந்து அளந்தார்கள். இந்தத் தடவை, கம்பெனி என்றால் காம்பவுண்டும் சேர்த்துத்தான் என்று, சுவரின் மூலையிலிருந்து அளந்தார்கள். கோடு புங்கமரத்தையும் தாண்டி அந்தப் பக்கம் போய்விட்டது. வண்டி, அடுப்பு, பெஞ்சு எல்லாம் இப்போது உள்ளே. ஷாமியானாவைப் பிரித்து இன்னும் தள்ளிக் கட்டினார்கள். நூறு மீட்டர் எப்படி ஒரு வாரத்தில் நீளும் என்று நான் வீட்டில் தீபாவைக் கேட்டேன். நூறு அதேதான், ஆரம்பிக்கிற இடம்தான் வேறு என்று அவள் பேப்பரில் படம் போட்டுக் காட்டினாள். படம் புரிந்தது. மற்றது புரியவில்லை.

அடுத்த நாட்களில் எல்லாருக்கும் பஞ்சவர்ணத்தின் மேல் அக்கறை வந்துவிட்டது. செக்யூரிட்டி ஆபீசர் வந்து, வண்டியைக் கேட்டுக்கு உள்ளே கொண்டுவந்துவிடுங்கள், எங்கள் ஆட்களுக்கும் போலீஸுக்கும் மட்டும் போடுங்கள், உள்ளே உங்களுக்குப் பாதுகாப்பு என்றார். மனோஜ்குமார் வந்து, ஷாமியானாவுக்கு வந்துவிடுங்கள், எங்களில் இரண்டு பேர் கூடவே நிற்கிறோம், அதுதான் பாதுகாப்பு என்றான். இரண்டு பேருக்கும் அவள் ஒரே பதில்தான் சொன்னாள். அடையாள அட்டையில் இந்த இடம்தான் போட்டிருக்கிறது. இங்கிருந்து நகர்ந்தால் இடம் போய்விடும். இந்த இடத்துக்கு வேறு ஒரு ஆள் எப்போதும் காத்திருப்பான், அது அவளுக்கு நன்றாகத் தெரியும். இடம் போனால் மாரிசாமியின் மருந்தும் தீபாவின் காலேஜும் அதோடு போய்விடும். அவள் நகரவில்லை.

அக்டோபர் பதினாறு, புதன்கிழமை. போலீஸ் டெம்போ வந்தது. அடுப்பை அணைக்கச் சொல்லி, வண்டியைத் தூக்கி ஏற்றினார்கள். சிவகுமார் கீழே இறங்காமல் ஜீப்பில் உட்கார்ந்தே பேசினார்.

"கல்லு கில்லு விழுந்து வண்டிக்கு ஏதாச்சும் ஆனா யாரும்மா பதில் சொல்றது? ஸ்டேஷன்ல பத்திரமா இருக்கும். உங்க பாதுகாப்புக்குத்தான்."

அன்று மதியம் அந்த மரத்தடியில் பஞ்சவர்ணம் மட்டும் நின்றுகொண்டிருந்தாள், கையில் பித்தளைச் சொம்போடு. அதை மட்டும் எடுத்துக்கொள்ள விட்டார்கள்.

மாரிசாமி, போனது போகட்டும், ரிங் ரோடு பக்கம் வேறு இடம் பார்க்கலாம் என்றார். தீபா வக்கீலைப் பார்க்கலாம் என்றாள். பஞ்சவர்ணம் ஒன்றையே யோசித்துக்கொண்டிருந்தாள் என்பது மறுநாளைக்கு மறுநாள் தெரிந்தது. வெள்ளிக்கிழமை காலையில் என்னையும் கூட்டிக்கொண்டு ஸ்டேஷனுக்குப் போனாள். அங்கே பிடித்து வைத்த மோட்டார் சைக்கிள்களுக்கு நடுவே வண்டி நின்றது. சக்கரத்தில் சங்கிலி. கூரையில் ஆயுத பூஜை மாலை காய்ந்து தொங்கியது.

சிவகுமார் வெளியே வந்தார். மெமோ வந்ததிலிருந்து அவர் முகம் நன்றாக இல்லை. வண்டி பத்திரமாகத்தானே இருக்கிறது என்றார்.

"ஏனுங்க சார்" என்றாள் பஞ்சவர்ணம். "கம்பெனிக்குப் பாதுகாப்பு குடுத்தப்ப கம்பெனியத் தூக்கிட்டா வந்தீங்க? அது இருக்கற எடத்துலதானே குடுத்தீங்க. என்ற வண்டிக்கும் அது இருக்கற எடத்துலயே குடுங்க."

பக்கத்தில் நின்ற கான்ஸ்டபிள் சிரித்தார். சிவகுமார் சிரிக்கவில்லை. "அது கோர்ட்டு ஆர்டர்மா" என்றார். "கம்பெனி கேட்டுச்சு, கோர்ட்டு குடுத்துச்சு. நீங்க யாரக் கேட்டீங்க?"

"உங்களத்தானுங்க கேக்கறேன்."

"வாயில கேட்டா ஆகாது. மனுவா எழுதிக் குடுங்க. இன்ஸ்பெக்டருக்கு அனுப்பறேன்."

அவர் கேலியாகச் சொன்னாரா, வழி காட்டினாரா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. பஞ்சவர்ணம் வழி என்றே எடுத்துக்கொண்டாள். ஸ்டேஷன் வாசலில் மனு எழுதுகிறவரிடம் கன்னடத்தில் எழுதி வாங்கினோம். நான் ஹெப்பாளில் தெரு வியாபாரம் செய்கிறேன், என் வியாபாரத்துக்கு அது நடக்கும் இடத்திலேயே போலீஸ் பாதுகாப்பு வேண்டும், இவ்வளவுதான் மனு.

உள்ளே மனு வாங்கிப் பதிகிற ரைட்டர் வேலை பார்த்தது உமாதேவி என்ற ஹெட் கான்ஸ்டபிள். மை டப்பாவை நகர்த்தினார். பஞ்சவர்ணம் பழக்கமாகக் கட்டை விரலை ஒற்றி வைத்தாள். உமாதேவி பேப்பரைத் தூக்கிப் பார்த்தார். நீல வட்டம் இருந்தது, அதில் ஒரு ரேகை இல்லை. பதினொரு வருடமாகக் கொதிக்கிற பாத்திரத்தைப் பிடித்து, எலுமிச்சை பிழிந்து, அவள் விரல் தேய்ந்து வழவழவென்று ஆகிவிட்டது. ரேஷன் கடை மிஷினும் அவள் விரலை அறியாது, கண்ணைக் காட்டித்தான் அரிசி வாங்குகிறாள்.

இது யார் விரல் என்று எப்படிச் சொல்வது என்றார் உமாதேவி. கைநாட்டு என்றால், படித்துக் காட்டியபின் வைத்தாள் என்று இரண்டு சாட்சிகள் கையெழுத்துப் போட வேண்டும், சொந்தக்காரர்கள் கூடாது. என்னைப் பார்த்து, அக்காவும் கூடாது என்றார்.

சாட்சிக்கு எங்கே போவது? மனோஜ்குமாரைப் போனில் கேட்டோம். ஸ்டேஷனில் வந்து கையெழுத்துப் போட்டால் கோட்டைத் தாண்டியதற்குத் தன்னை அங்கேயே உட்காரவைத்துவிடுவார்கள் என்றான். அவன் சொன்னதும் நியாயம்தான். கம்பெனி ஆட்களைக் கேட்க முடியாது. டீ குடித்த போலீஸ்காரர்கள் தங்கள் ஸ்டேஷனிலேயே சாட்சி போட முடியாது. இத்தனை பேருக்கு ஊற்றிக் கொடுத்தவளுக்கு, அவள்தான் அவள் என்று சொல்ல ஒருவரும் இல்லை.

உமாதேவி கெட்டவர் இல்லை. சாட்சி கிடைக்காவிட்டால் என்ன செய்வது என்று தமிழும் கன்னடமும் கலந்து சொன்னார்: "சாட்சி சிகலில்லா அந்த்ரே, நீங்களே சைன் போடுங்கம்மா. எந்த பாஷைல வேணாலும் போடலாம். திங்கக்கிழமை வாங்க."

வீட்டுக்கு வந்ததும் தீபா நோட்டும் பேனாவும் கொடுத்தாள். பஞ்சவர்ணத்துக்கு எழுத வரவில்லை. பேனா கையில் வழுக்கியது. அழுத்தினால் தாள் கிழிந்தது. சனிக்கிழமை காலையில் எழுந்து பார்க்கிறேன், வாசல் சிமெண்டுத் தரையில் கோலமாவோடு உட்கார்ந்திருக்கிறாள். நோட்டில் நான் எழுதிக் கொடுத்த பெயரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு எழுத்தையும் மாவால் இழுத்துக்கொண்டிருந்தாள். 'ண' அவளுக்கு முதலில் வந்துவிட்டது, கோலத்துச் சுழி மாதிரி இருக்கிறதாம். 'ஞ்' தான் படுத்தியது.

"இந்த எழுத்து எங்க ஆரம்பிக்குது, எங்க முடியுதுன்னே தெரியலக்கா" என்றாள். "உன்ற பேருக்கு இந்தத் தொல்லையெல்லாம் இல்ல."

ஞாயிறு சாயங்காலத்துக்குள் வாசல் முழுக்க அவள் பெயராக இருந்தது. மாரிசாமி இடுப்பைப் பிடித்துக்கொண்டு, எதையும் மிதிக்காமல் சுவரை ஒட்டி நடந்து போனார். பேனா வேண்டாம், மாவு மாதிரி பிடித்துக்கொள் என்று தீபா சொன்னபிறகு பேனாவும் வழிக்கு வந்தது.

திங்கட்கிழமை கொடுத்த அந்த மனுவால் என்ன நடந்தது என்று சொல்லிவிடுகிறேன். இன்ஸ்பெக்டர் அதைப் படித்துவிட்டுச் சிவகுமாரைக் கூப்பிட்டுச் சிரித்தாராம். ஆனால் திருப்பி அனுப்பவில்லை. அடையாள அட்டையில் இடம் இருக்கிறது, கோர்ட்டு உத்தரவில் தள்ளுவண்டியைப் பற்றி ஒரு வார்த்தையும் இல்லை. நான்காம் நாள் அதே டெம்போவில் வண்டி புங்கமரத்தடிக்குத் திரும்பி வந்தது. கூடவே ஒரு ஹோம்கார்டும் வந்தார். அவருக்கு வேலை வண்டிக்குக் காவல். ஒரு நிபந்தனை, வண்டியில் ஒரே சமயத்தில் ஐந்து பேருக்கு மேல் நிற்கக்கூடாது. அதை அவர்தான் எண்ண வேண்டும். அவரும் டீ குடித்தால் மற்றவர் நான்கு பேர்தான். இதைப் பற்றித் தினமும் தகராறு.

நவம்பர் நடுவில் லேபர் ஆபீசில் பேசி முடித்தார்கள். தொழிலாளர்கள் உள்ளே போனார்கள். மனோஜ்குமார் உள்ளே போனான், மற்ற இரண்டு பேர் விஷயம் இன்னும் கேஸில் இருக்கிறது. போலீஸ் போய்விட்டது. சுண்ணாம்புக் கோடு மழையில் போய்விட்டது. ஆனால் ஹோம்கார்டைத் திரும்பக் கூப்பிட யாருக்கும் ஞாபகம் வரவில்லை. தொழிலாளர்கள் நூற்றுக்கணக்கில் கேட்டைத் தாண்டிப் போய்வந்துகொண்டிருக்க, அவர் மட்டும் மரத்தடியில் நின்று டீ குடிப்பவர்களை எண்ணிக்கொண்டிருந்தார். பொங்கலுக்குப் பிறகுதான் வருவதை நிறுத்தினார்.

இது ஜெயித்ததா? மாரிசாமி, ஐந்து பேர் கணக்கால் அந்த மாதங்களில் பாதி வியாபாரம் போயிற்று, தோற்றது என்கிறார். தீபா, கம்பெனிக்குக் கோர்ட்டு வாங்கிக் கொடுத்ததை அம்மா கேட்டே வாங்கினாள், ஜெயித்தது என்கிறாள். பஞ்சவர்ணத்தைக் கேட்டால், வண்டி எங்கே நிற்கிறது என்று போய்ப் பார்த்துக்கொள்ளுங்கள் என்கிறாள். வண்டி புங்கமரத்தடியில் நிற்கிறது. அதனால் நான் ஜெயித்த பக்கம்தான். அதற்கு இன்னொரு காரணமும் எனக்கு இருக்கிறது.

அந்தத் திங்கட்கிழமை உமாதேவி மனுவை மேஜைமேல் வைத்து, இங்கே என்று விரலால் காட்டினார். பஞ்சவர்ணம் கையைச் சேலையில் துடைத்தாள். பேனாவை மாவு மாதிரி மூன்று விரலால் கிள்ளிப் பிடித்தாள். காட்டிய இடம் போதாமல் எழுத்துகள் கொஞ்சம் மேலே ஏறிப் போயின. 'ஞ்' வந்தபோது பேனாவைத் தூக்கி, காற்றில் ஒரு தடவை போட்டுப் பார்த்துவிட்டுத் தாளில் போட்டாள். ஏழு எழுத்தும் முடிந்ததும், கோலம் முடித்த பழக்கத்தில் சற்றுப் பின்னால் நகர்ந்து நின்று பார்த்தாள். உமாதேவி அதை எழுத்தெழுத்தாகப் படிக்கப் பார்த்து, தமிழ் படிக்கத் தெரியாமல், சரி, அழகா இருக்கு என்று சொல்லிவிட்டுப் பக்கத்தில் ஸ்டேஷன் முத்திரையைக் குத்தினார். முத்திரையில் தேதி இருந்தது: 21 அக்டோபர் 2024.